ஐம்பதாயிரம் அடி காந்தி

1948 பிப்ரவரி. சென்னையிலிருந்து ராமேஸ்வரத்துக்கு ஒரு சிறப்பு ரயில் போகிறது. உள்ளே காந்தியின் அஸ்தி. சிதம்பரம், செட்டிநாடு, சிவகங்கை, மானாமதுரை, ராமநாதபுரம் என்று வழியெங்கும் நிலையங்களில் ஜனம் திரண்டு நிற்கிறது. இந்தப் பயணம் 35 மி.மீ. ஃபிலிமில் ஏறக்குறைய அரை மணி நேரத்துக்குப் பதிவாகியிருக்கிறது. எழுபது ஆண்டுகள் கழித்து, காந்தியின் 150ஆவது பிறந்த ஆண்டான 2019இல், அந்தப் பதிவு தன்னிடம் வந்து சேர்ந்திருப்பதாகப் புனேயில் உள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அறிவித்தது. வந்தவை 30 ரீல்கள். ஓட்டிப் பார்த்தால் சுமார் ஆறு மணி நேரம். பாரமவுண்ட், பாத்தே, வார்னர், யுனிவர்சல், பிரிட்டிஷ் மூவிடோன், வாடியா மூவிடோன் எனப் பல நிறுவனங்கள் வெவ்வேறு காலத்தில் எடுத்தவை. பெரும்பாலும் எடிட் செய்யப்படாதவை.

அந்தக் கடைசிச் செய்தியில்தான் இந்தச் சுருள்களின் மதிப்பே இருக்கிறது. செய்திப்படம் என்று தியேட்டரில் ஓடியது ஒரு நிமிடமோ இரண்டு நிமிடமோதான். தலைவர் இறங்குவார், கை கூப்புவார், கூட்டம் ஆர்ப்பரிக்கும், முடிந்தது. எடிட்டர் மேசையில் கழித்துப் போட்ட மிச்சத்தில்தான் ஊர் இருக்கும். பிளாட்பாரத்தில் யார் முன்னால் நின்றார்கள், பெண்கள் எங்கே ஒதுங்கி நின்றார்கள், எத்தனை பேர் மேல்சட்டை இல்லாமல் வந்தார்கள், எந்த வயதுப் பிள்ளைகள் அப்பா தோளில் ஏறியிருந்தார்கள் என்பதையெல்லாம் அன்றைய பத்திரிகை எழுதவில்லை. ‘பெருந்திரளான மக்கள்’ என்று இரண்டு சொல்லில் முடித்துக்கொண்டது. அந்தத் திரளில் இருந்த ஒவ்வொருவருக்கும் முகம் இருந்தது என்பதற்கு ஃபிலிம் மட்டுமே சாட்சி.

அதே தொகுப்பில் 1946 தொடக்கத்தில் காந்தி செய்த தென்னிந்தியப் பயணத்தின் காட்சிகளும் உள்ளன. மதுரை மீனாட்சியம்மன் கோயிலும் பழனியும் அந்தப் பயணத்தில் அடக்கம். தாழ்த்தப்பட்டவர்களை உள்ளே விடாத கோயிலுக்குள் கால் வைப்பதில்லை என்று வெளியே நின்றவர் காந்தி. 1939இல் வைத்தியநாதய்யர் தலைமையில் ஆலயப் பிரவேசம் நடந்த பிறகு, 1946இல்தான் அவர் மீனாட்சியைத் தரிசித்தார். தமிழ்நாட்டுச் சமூக வரலாற்றில் அப்படியொரு நாள் காட்சியாக மிஞ்சியிருக்கிறது என்றால், அது மிஞ்சிய கதையையும் நாம் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். மிஞ்சாமல் போனவற்றின் கதையை அதைவிடக் கவனமாகக் கேட்க வேண்டும்.

அந்த அஸ்தி ரயில் கடந்துபோன செட்டிநாட்டிலேயே அப்படி ஒரு கதை இருக்கிறது.

கோட்டையூர்க்காரர்

அ. கருப்பன் செட்டியார் என்றால் பலருக்கும் தெரியாது. ஏ.கே. செட்டியார் என்றால் ‘உலகம் சுற்றும் தமிழன்’ என்று பயண நூல் படித்தவர்கள் சொல்வார்கள். 1911இல் கோட்டையூரில் பிறந்தவர். ரங்கூனில் ‘தனவணிகன்’ பத்திரிகையை நடத்தியவர். டோக்கியோவிலும் பிறகு நியூயார்க்கிலும் முறையாகப் புகைப்படக் கலை படித்தவர். 1937 அக்டோபர் 2ஆம் தேதி நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்கு ‘சமாரியா’ என்ற கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, காந்தியைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு உதித்தது. அன்றைக்குக் காந்தியின் பிறந்தநாள். செட்டியாருக்கு வயது இருபத்தாறு நிரம்பவில்லை.

காந்தியைப் பின்தொடர்ந்து போய்ப் படம் பிடித்திருந்தால் அது ஒரு நல்ல செய்திப்படமாக முடிந்திருக்கும். செட்டியார் போன வழி வேறு. காந்தியின் அறுபத்தெட்டு வயதுவரை நடந்ததைத் திரும்ப நடத்திக் காட்ட முடியாது. ஆனால், அவர் போன இடமெல்லாம் யாராவது ஒருவர் கேமராவைச் சுழற்றியிருப்பார். அந்தத் துண்டுகள் லண்டனிலோ பாரிஸிலோ ஜோகன்னஸ்பர்கிலோ ஏதாவது ஒரு நிறுவனத்தின் அலமாரியில் கிடக்கும். அவற்றைத் தேடி எடுத்துக் கோத்தால் என்ன? இந்தியாவில் திரைப்படக் காப்பகம் என்ற நினைப்பே யாருக்கும் இல்லாத காலத்தில், ஒரு தனிமனிதர் காப்பகம் செய்ய வேண்டிய வேலையைத் தலையில் எடுத்துக்கொண்டார் என்றுதான் இதைப் பார்க்கிறேன்.

மூன்று ஆண்டு முடிவதற்குள் அவர் சுற்றிய தூரம் ஒரு லட்சம் மைல். நூறு ஒளிப்பதிவாளர்கள் முப்பது ஆண்டுக் காலத்தில் எடுத்த துண்டுகள் அவர் கைக்கு வந்தன. மொத்தம் 50,000 அடி. சேர்ந்தவற்றில் பழையது, 1912இல் கோகலே தென்னாப்பிரிக்காவுக்கு வந்தபோது பதிவான காட்சி. கோட்டும் சூட்டும் போட்ட காந்தி அங்கே அசைகிறார். அதை எடுத்தவர் காந்திக்காக எடுத்திருக்க மாட்டார், விருந்தாளி கோகலேதான் அன்றைக்குச் செய்தி. யாரோ ஒருவர் வேறு எதற்காகவோ எடுத்து வைத்தது, கால் நூற்றாண்டு கழித்து இன்னொருவருக்கு உலகத்திலேயே கிடைக்காத பொருளாக ஆகிவிட்டது.

எல்லாத் துண்டுகளும் தூசிபடிந்து காத்திருந்தவை அல்ல. 1930 தண்டி யாத்திரையை பம்பாய்ப் படக் கம்பெனிகள் ஓடியோடிப் படம் பிடித்தன. சாரதா கம்பெனி எடுத்தது, கிருஷ்ணா கம்பெனி எடுத்தது. காலனி அரசு அந்தப் படங்களைத் தடை செய்தது. தடைசெய்த படத்தின் சுருளை வீட்டில் வைத்திருப்பதே வம்பு என்ற நிலையில் ஒருவர் அதை எரிப்பதும், இன்னொருவர் ஒளிப்பதும், மற்றொருவர் மறந்துபோவதும் நடக்கும். செட்டியார் போன்ற ஒருவர் வந்து கதவைத் தட்டும்வரை எது தப்பியது என்று தெரியாது.

1940 ஆகஸ்ட் 23. தமிழ் வர்ணனையோடு ‘மகாத்மா காந்தி’ சென்னையில் வெளியானது. 12,000 அடி. இன்றைய ஒலிப்பட வேகத்தில் நிமிடத்துக்கு 90 அடி ஓடும் என்று வைத்துக்கொண்டால், இரண்டு மணி நேரம் பதின்மூன்று நிமிடம். உலகப் போர் நடந்துகொண்டிருக்கிறது, ஆள்வது பிரிட்டன், திரையில் காந்தி. அந்த நெஞ்சுரத்தை இப்போது அளந்து சொல்வது கடினம். சுதந்திரத்துக்கு முந்தைய நாள் டெல்லியில் இந்தி வர்ணனையோடு படம் காட்டப்பட்டது. 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் ஒன்று வந்தது.

அதற்குப் பிறகு, படம் காணாமல் போனது.

முப்பது ஆண்டுக் காலத் துண்டுகளை உலகமெல்லாம் தேடி மீட்ட மனிதருடைய படத்தைத் தேட வேண்டிய நிலை வந்தது. வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி பல ஆண்டுகள் தேடினார். படம் உருவான கதையைச் செட்டியாரே எழுதியிருந்தார். அந்தக் கட்டுரைகளைத் தொகுத்து ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்ற நூலாக வேங்கடாசலபதி பதிப்பித்தார். கடைசியில் ஓர் அமெரிக்கப் பல்கலைக்கழக நூலகத்தில் ஆங்கில வடிவத்தின் சுருக்கப்பட்ட பிரதி அகப்பட்டது. ஒரு மணி நேரம் ஓடுவது. தமிழ் வர்ணனை இல்லை. 1940இல் சென்னைக்காரர்கள் கேட்ட குரல் இல்லை. ஆனாலும் அது கிடைத்தது பெரிய விஷயம். நூலகம் என்று ஒன்று இருந்ததாலும், அதன் பட்டியலில் அந்தப் பெயர் ஏறியிருந்ததாலும் கிடைத்தது.

என்னை உறுத்துவது வேறொரு கணக்கு. 50,000 அடி சேர்ந்தது. 12,000 அடி படமானது. மீதி 38,000 அடி? ஏழு மணி நேரத்துக்கு ஓடக்கூடிய காட்சிகள் அவை. படத்தில் சேராததால் எந்த விளம்பரத்திலும் எந்த விமரிசனத்திலும் அவற்றைப் பற்றி ஒரு வரிகூட இருக்காது. பெயரில்லாத பொருளை எப்படித் தேடுவது?

சுருளுக்குள் நடப்பது

ஃபிலிமின் அழிவு வெளியிலிருந்து வருவது கொஞ்சம்தான். உள்ளேயே இருப்பது அதிகம். 1950களின் தொடக்கம்வரை சினிமாவுக்குப் பயன்பட்டது நைட்ரேட் ஃபிலிம். வெடிமருந்துக்குப் பயன்படும் நைட்ரோசெல்லுலோஸின் நெருங்கிய உறவு. தீப்பிடித்தால், எரியத் தேவையான ஆக்சிஜனைத் தானே வெளிவிடும். தண்ணீரில் முக்கினாலும் எரியும். தீப்பிடிக்காவிட்டாலும் மெதுவாகச் சிதையும். முதலில் பிம்பம் மங்கும், பிறகு சுற்றுகள் ஒன்றோடொன்று பசைபோல் ஒட்டும், குமிழ் கிளம்பும், இறுதியில் டப்பாவுக்குள் பழுப்புப் பொடி மிஞ்சும்.

அதற்கு மாற்றாக வந்த அசிட்டேட் ஃபிலிமை ‘சேஃப்டி ஃபிலிம்’ என்றார்கள். தீயைப் பொறுத்தவரை அது உண்மை. ஆனால், வெப்பமும் ஈரமும் பட்டால் அதிலிருந்து அசிட்டிக் அமிலம் கசியும். டப்பாவைத் திறந்தால் வினிகர் நெடி முகத்தில் அடிக்கும். கசிந்த அமிலமே மேலும் சிதைவைத் தூண்டும். பக்கத்து டப்பாவையும் அது விட்டுவைக்காது. ஃபிலிம் சுருங்கி, நெளிந்து, புரொஜெக்டரில் ஏறாமல் போகும். சென்னையின் புழுக்கத்தில், ஓட்டுக் கூரைக்கு அடியில் உள்ள பரணில் இது எவ்வளவு வேகமாக நடக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. 1950களுக்குப் பிறகு வந்த வண்ணப் பிரிண்டுகளுக்கு இன்னொரு நோய்: நீலமும் பச்சையும் வெளிறி, படம் முழுக்க ரோஸ் நிறமாகிவிடும்.

இவற்றையெல்லாம் தாண்டி மனிதர்கள் செய்தது ஒன்று உண்டு. கறுப்பு வெள்ளை ஃபிலிமில் பிம்பமாக நிற்பது வெள்ளி. படம் ஓடி முடிந்ததும் பிரிண்டைக் கரைத்து வெள்ளி எடுத்தார்கள். மிச்சம் வளையல் செய்பவர்களிடம் போனது. இந்தியாவின் முதல் பேசும் படமான ‘ஆலம் ஆரா’வுக்கு அந்தக் கதிதான் நேர்ந்தது என்று பி.கே. நாயர் சொல்லியிருக்கிறார். புனே காப்பகம் 1964இல் தொடங்கியது. அதைக் கட்டி எழுப்பி, ஊர் ஊராகப் போய்ப் படங்களைச் சேர்த்தவர் நாயர். இந்திய மௌனப் பட யுகத்தில் சுமார் 1,300 படங்கள் எடுக்கப்பட்டன. அவற்றில் மிஞ்சியவை சில டஜன்தான், அதிலும் பாதி துண்டு துண்டாக. 2003 ஜனவரியில் புனே திரைப்படக் கல்லூரி வளாகத்தில் நைட்ரேட் ஃபிலிம் இருந்த கிடங்கு தீப்பிடித்ததில் ஆயிரக்கணக்கான ரீல்கள் போயின. காப்பாற்றக் கொண்டுவந்து சேர்த்த இடத்திலேயே போயின என்பது மனதை இன்னும் கனக்கச் செய்கிறது.

தமிழ்க் கணக்கு மட்டும் என்ன வாழ்ந்தது? நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த ‘கீசகவதம்’ இல்லை. 1931 அக்டோபர் 31இல் வெளியான ‘காளிதாஸ்’ இல்லை. எம்.எஸ். சுப்புலட்சுமி முதன்முதலில் நடித்த ‘சேவாசதனம்’ இல்லை. இவற்றைப் பற்றி நாம் இன்று பேச முடிவதே காகிதத்தின் தயவில்தான். தியேட்டர் வாசலில் விற்ற பாட்டுப் புத்தகங்களும் நோட்டீஸுகளும் யாரோ எடுத்து வைத்ததால் மிஞ்சின. அப்படி எடுத்து வைத்தவர்களில் ஒருவர் ரோஜா முத்தையா. சைன்போர்டு எழுதிப் பிழைத்தவர். சுமார் ஒரு லட்சம் நூல்களையும் இதழ்களையும் அச்சுத் துணுக்குகளையும் சேர்த்தார். அவர் மறைந்த பிறகு சிகாகோ பல்கலைக்கழகத்தின் ஆதரவில் 1994இல் அது சென்னையில் ஆராய்ச்சி நூலகமாயிற்று. அவரும் கோட்டையூர்க்காரர். ஏ.கே. செட்டியாரின் ஊர். ஃபிலிம் நியூஸ் ஆனந்தன் தன் வாழ்நாள் முழுக்கச் சேர்த்த புகைப்படங்களும் தகவல்களும் இன்னொரு பெரிய துணை. ஆகவே எந்தப் பாட்டு எந்தப் படம், யார் நடித்தார் என்பதைத் தெரிந்துகொள்கிறோம். அந்த நடிகை எப்படித் திரும்பினாள், எப்படி உட்கார்ந்தாள், அன்றைய சென்னைத் தமிழ் அவள் வாயில் எப்படி ஒலித்தது என்பதைக் காகிதம் சொல்வதில்லை.

மீட்பதும் காப்பதும்

இப்போது காற்று கொஞ்சம் மாறியிருக்கிறது. 2012இல் ‘கர்ணன்’ டிஜிட்டலில் புதுப்பிக்கப்பட்டு வந்தபோது தியேட்டர்கள் நிரம்பின. ஷிவேந்திர சிங் துங்கர்பூர் 2014இல் தொடங்கிய ஃபிலிம் ஹெரிடேஜ் ஃபவுண்டேஷன், ஃபிலிமைப் பரிசோதித்துப் பழுதுபார்க்க ஆட்களைப் பயிற்றுவிக்கிறது. 2017இல் அதன் பயிலரங்கு சென்னையில் நடந்தது. மத்திய அரசு 2022இல் தேசியத் திரைப்படப் பாரம்பரியத் திட்டத்தின் கீழ் சுமார் 2,200 படங்களைப் புதுப்பிக்க 363 கோடி ரூபாய் என்று அறிவித்தது. இவை நல்ல செய்திகள். மனமார வரவேற்கிறேன்.

ஆனாலும் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். புதுப்பிப்பது வேறு, காப்பது வேறு. ரசிகர்கள் கொண்டாடும் படத்தைப் புதுப்பிக்கப் பணம் புரட்டிவிடலாம், போட்ட பணம் திரும்பியும் வரலாம். மானாமதுரை ஸ்டேஷனில் நின்ற கூட்டத்துக்கு யார் டிக்கெட் வாங்குவார்கள்? செய்திப்படத் துண்டு, எடிட்டிங்கில் கழித்த மிச்சம், கம்பெனி விளம்பரம், கல்யாண வீட்டு எட்டு மி.மீ. படம் போன்றவற்றுக்குச் சந்தை கிடையாது. பண்பாட்டு வரலாறு அதிகமும் படிந்திருப்பது இவற்றில்தான். எனவே பொதுப் பணம் முதலில் போக வேண்டியது இங்கே. தேவையானது பளபளப்பான வேலை எதுவும் இல்லை. குளிர்ந்த, ஈரமில்லாத அறை. வருடத்துக்கு ஒருமுறை டப்பாவைத் திறந்து முகர்ந்து பார்க்கும் ஆள். ஒவ்வொரு சுருளுக்கும் ‘எங்கே, எப்போது, யார் எடுத்தது’ என்று எழுதி வைக்கும் கை. இப்படியொரு குளிர்க் கிடங்கு புனேயோடு நின்றுவிடாமல் சென்னையிலும் வேண்டும். ஒரு நூற்றாண்டுக்கு மேலாகப் படம் எடுத்துவரும் ஊருக்கு இது அதிகப்படியான கோரிக்கை அல்ல.

அரசு இயந்திரம் கவனிக்காமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்கு 1947 ஒரு சாட்சி. போர்க்காலத்தில் செய்திப்படம் எடுத்துவந்த அரசுப் பிரிவு 1946இல் கலைக்கப்பட்டது. ஃபிலிம்ஸ் டிவிஷன் பிறந்தது 1948இல். நடுவே சுதந்திரம் வந்தது. தேசம் பிறந்த இரவில் அதைப் படம் பிடிக்க அரசிடம் ஒரு படப்பிரிவு இல்லை. தனியாரும் வெளிநாட்டு நிறுவனங்களும் எடுத்தவற்றைத்தான் இன்றுவரை திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

‘எல்லாவற்றையும் ஸ்கேன் பண்ணிவிட்டால் போதாதா’ என்று கேட்பார்கள். ஸ்கேன் செய்ய வேண்டும், சந்தேகமில்லை. நாலு பேர் பார்க்க அதுவே வழி. ஆனால், ஹார்டு டிஸ்க் சில ஆண்டுகளில் படுத்துவிடும். ஃபைல் வடிவங்கள் மாறும், டேப்பில் ஏற்றினால் அதையும் குறிப்பிட்ட இடைவெளியில் புதிய டேப்புக்கு மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். நன்றாகக் குளிரவைத்த ஃபிலிம் நூறாண்டுக்கு மேல் நிற்கும். ஸ்கேன் முடிந்ததும் நெகட்டிவைக் கழித்துக் கட்டுவது, பத்திரத்தை ஜெராக்ஸ் எடுத்துவிட்டு மூலத்தைக் கிழித்துப் போடுவதற்குச் சமம். தவிர, இன்று ஸ்கேனில் தெரியாத நுணுக்கத்தை நாளைய இயந்திரம் எடுத்துத் தரலாம், மூலச் சுருள் இருந்தால்.

ஸ்கேன் செய்யும் ஆளுக்கும் படிப்பு வேண்டும். பழைய படங்களில் காந்தி தாவித் தாவி ஓடுவதுபோல் தெரிவதைப் பார்த்திருப்பீர்கள். அவர் வேகமாக நடப்பவர்தான், ஆனால் அப்படி அல்ல. மௌனக் காலக் கேமராக்கள் கையால் சுழற்றப்பட்டவை, நொடிக்குப் பதினாறு பதினெட்டு பிரேம் வாக்கில் எடுத்தவை. அதை நொடிக்கு 24 பிரேம் ஓடும் கருவியில் போட்டால் எல்லாரும் கோமாளிகளாகிவிடுகிறார்கள். சரியான வேகத்தில் ஓட்டினால், கோகலேயோடு இருக்கும் காந்தி மனிதனைப்போல் நடக்கிறார். ஒரு தலைமுறை தன் முன்னோரின் நடையையே தவறாகப் பார்த்துக்கொண்டிருந்தது என்பது சின்ன விஷயம் இல்லை.

தமிழ்ப் பிரதி

ஏ.கே. செட்டியார் 1983இல் காலமானார். 1943இலிருந்து அவர் நடத்திய ‘குமரி மலர்’ இதழைப் புரட்டினால், அங்கேயும் அவர் அதே வேலையைத்தான் செய்துகொண்டிருந்தார் என்பது தெரியும். பழைய பத்திரிகைகளில் புதைந்துகிடந்த கட்டுரைகளைத் தோண்டி எடுத்து மறுபதிப்புச் செய்தார். தன்னைப் பற்றி மிகக் குறைவாகப் பேசினார். பிறர் எழுதியதும் பிறர் எடுத்ததும் அழியக் கூடாது என்பதற்காகவே ஒரு மனிதர் இவ்வளவு உழைத்திருக்கிறார்.

1940இல் வந்த தமிழ்ப் படத்தின் முழுப் பிரதி இன்று நம் பார்வைக்கு இல்லை. இல்லவே இல்லை என்று முடிவு கட்ட நான் தயாராக இல்லை. அந்தக் காலத்தில் ஒரு படத்துக்குப் பல பிரிண்டுகள் போடப்பட்டன. அவை ஊர் ஊராக டூரிங் டாக்கீஸ்களுக்குப் போயின, சில திரும்பி வரவே இல்லை. மூடிய தியேட்டரின் ஆபரேட்டர் அறை, பழைய விநியோகஸ்தர் வீட்டு மாடி, பாகப் பிரிவினையாகாமல் பூட்டிக் கிடக்கும் செட்டிநாட்டு வீட்டின் பின்கட்டு, பர்மாவிலிருந்தும் மலேயாவிலிருந்தும் வந்த தகரப் பெட்டிகள் என்று தேட வேண்டிய இடங்கள் உண்டு. பன்னிரண்டாயிரம் அடி என்றால் பன்னிரண்டு பதின்மூன்று டப்பாக்கள்.

அப்படி ஏதாவது உங்கள் கண்ணில் பட்டால், தயவுசெய்து புரொஜெக்டரில் போட்டுப் பார்க்காதீர்கள். சுருங்கிய ஃபிலிமின் ஓரத் துளைகள் கிழிந்துவிடும். வெயிலில் உலர்த்தாதீர்கள், விளக்கு நெருப்புப் பக்கம் கொண்டுபோகாதீர்கள், 1950க்கு முந்தையது என்றால் நைட்ரேட்டாக இருக்கலாம். டப்பாமேல் ஒட்டியிருக்கும் காகிதம் எவ்வளவு கிழிசலாக இருந்தாலும் பிய்க்காதீர்கள், ஃபிலிமின் தொடக்கத்தில் மையால் எழுதியிருப்பதையும் வெட்டிவிடாதீர்கள். துருப்பிடித்த டப்பாக்களைப் படுக்கை வசத்தில், வீட்டிலேயே குளிர்ச்சியான காற்றோட்டமுள்ள அறையில், மற்றவற்றிலிருந்து தள்ளி வையுங்கள். எந்த வீட்டில், யாருடைய பெட்டியில் கிடைத்தது என்று ஒரு தாளில் எழுதி உடன் வையுங்கள். பிறகு புனே காப்பகத்துக்குத் தெரிவியுங்கள். டப்பாவுக்குள் காந்தி இல்லாமல், உங்கள் தாத்தாவின் சஷ்டியப்தபூர்த்தி இருந்தாலும் இதையே செய்யுங்கள்.